படகெலும்பும் ஏழாம் எழுத்தும்

மருத்துவமனையின் நான்காவது மாடியில் நோய்க் குறியீட்டுத் துறை இருந்தது. அந்தத் துறையின் கடைசி அறைக்கு ஓர் இரும்புக் கதவு. சாத்தினால் தானாகவே பூட்டிக்கொள்ளும், உள்ளேயிருந்தும் சாவி இல்லாமல் திறக்காத கதவு. அதன் சாவி தொலைந்து ஆறு ஆண்டுகள் ஆகியிருந்தன. அதனால் யாருக்கும் எந்தச் சிரமமும் இல்லை. உள்ளே இருந்தவை திருத்தப் படிவங்கள் மட்டுமே. சாவி தொலைந்த நாளிலிருந்து துறையில் ஒரு திருத்தம்கூடச் செய்யப்படவில்லை. திருத்தமே இல்லாத துறை என்று இரண்டு முறை கேடயம் கொடுத்தார்கள். கேடயங்களை வைக்க இடம் போதவில்லை என்று ஆனபோதுதான், அந்த அறையைத் திறந்தால் என்ன என்று துறைத் தலைவருக்குத் தோன்றியது.

சாவிக்காரரை வரச் சொன்னார்கள்.

அவர் கடை பேருந்து நிலையத்துக்கு எதிரே, ஒரு செருப்புக் கடைக்கும் ஒரு செருப்புக் கடைக்கும் நடுவில் இருந்தது. ஆள் நிற்கலாம், திரும்ப முடியாது. இருபத்திரண்டு வருடங்களாக அங்கே நின்றுகொண்டிருந்தார். பூட்டைக் கண்ணால் பார்க்கிறவர் இல்லை அவர். இரண்டு மெல்லிய கம்பிகளை உள்ளே விட்டு, வலது மணிக்கட்டை ஒரு முடி அளவு திருப்பி, உள்ளே எந்தப் பல் எங்கே நிற்கிறது என்று கையாலேயே கேட்பார்.

இரும்புக் கதவு பதினோரு நிமிடத்தில் திறந்தது.

துறைத் தலைவர் எட்டிப் பார்த்தார். அவரை எல்லோரும் புள்ளி சார் என்றுதான் சொல்வார்கள். ஒவ்வொரு நோய்க்கும் போடும் குறியீட்டில் மூன்றாம் எழுத்துக்குப் பிறகு ஒரு புள்ளி வரும். அதை விட்டுவிட்ட ஓர் ஊழியரை அவர் ஒரு வாரம் நிற்கவைத்து வேலை வாங்கியிருக்கிறார். உள்ளே படிவங்கள் கட்டுக்கட்டாக, வெள்ளையாக, ஒரு மையும் படாமல் இருந்தன. புள்ளி சாருக்குக் கண் நிறைந்துபோனது.

"தூசி உள்ள போயிடும்" என்று சொல்லிக் கதவைச் சாத்தினார். டக்கென்று பூட்டிக்கொண்டது.

"சார், இன்னும் சாவி செய்யலயே!"

"அதனால என்ன? நாளைக்குச் சாவியோட வருவீங்கல்ல?"

பூட்டின் பற்கள் கையில் நினைவிருந்தன. நாளைக்குள் செய்துவிடலாம் என்று சாவிக்காரர் படியிறங்கினார். மூன்றாவது மாடிக்கும் இரண்டாவது மாடிக்கும் நடுவில் அப்போதுதான் துடைத்துவிட்டிருந்தார்கள். 'ஈரம்' என்ற மஞ்சள் பலகை மடித்தபடி மூலையில் சாய்ந்திருந்தது. கால் போனது. வலது கையை ஊன்றினார்.

அவர் விழுந்து கிடந்த இடத்துக்கு நேர் மேலே சுவரில் ஒரு பலகை இருந்தது. 'இந்த மருத்துவமனையில் யாரும் வழுக்கி விழாத நாட்கள்: 1,406.'

எலும்பு மருத்துவர் கட்டைவிரலுக்குக் கீழே இருக்கும் சின்னப் பள்ளத்தில் அழுத்தினார். சாவிக்காரர் கத்திய கத்தலில் அடுத்த அறையிலிருந்து ஒருவர் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார். எக்ஸ்ரே எடுத்தார்கள்.

"மணிக்கட்டுல எட்டுச் சின்ன எலும்பு இருக்கு. இது படகெலும்பு. பாருங்க, படகு மாதிரியே இருக்குல்ல? நடுவுல ரெண்டாப் போயிருக்கு, கொஞ்சம் விலகியும் இருக்கு."

சாவிக்காரர் பார்த்தார். நாற்பத்தாறு வருடங்களாகத் தனக்குள் ஒரு படகு இருந்திருக்கிறது, அது உடைந்த பிறகுதான் தெரிகிறது.

"இதுக்கு ரத்தம் ஒரு பக்கத்துல இருந்துதான் வரும். மூணு வாரத்துக்குள்ள ஒரு திருகாணி போட்டு இணைச்சிடணும். விட்டா மறுபாதி செத்துடும். செத்துட்டா மணிக்கட்டு திரும்பாது."

"நான் சாவி வேலை பண்றவன் டாக்டர். திரும்பலன்னா..."

"அதுக்குத்தான் சொல்றேன். இருபதாம் நாள் தேதி தர்றேன். அதுவரைக்கும் மாவுக்கட்டு. கீழ போய்க் குறியீடு மட்டும் போட்டுக்கிட்டு வந்துடுங்க, அஞ்சு நிமிஷ வேலை."

கீழே கண்ணாடிக்குப் பின்னால் குறியீட்டு எழுத்தர் அம்மா உட்கார்ந்திருந்தார். கண்ணாடியில் வாய் உயரத்துக்கு ஓர் ஓட்டை. ஆனால் அது நிற்பவர் வாய்க்கும் பொருந்தவில்லை, உட்கார்ந்தவர் காதுக்கும் பொருந்தவில்லை.

"மொத்தம் ஏழு எழுத்து சார். ஏழும் விழுந்தாத்தான் உங்களுக்கு நோய் இருக்கு. உடம்புல எந்தப் பகுதி, எந்த எலும்பு, விலகியிருக்கா இல்லையா, எந்தப் பக்கம். கடைசி எழுத்து, எத்தனையாவது தடவை வர்றீங்கன்னு. முதல் தடவையா, அடுத்த தடவையா, இல்ல பின்விளைவா?"

"இப்பதாங்க விழுந்தேன்."

"முதல் தடவை. எந்தக் கை?"

சாவிக்காரர் வலியில் பல்லைக் கடித்துக்கொண்டு கையைத் தூக்கிக் காட்டினார். எழுத்தர் அம்மா பார்த்தார். அவருக்கு எதிரே, அவருடைய இடது பக்கத்தில் ஒரு கை தூக்கியிருந்தது. 'இடது' என்று தட்டினார். எதிரே நிற்கிறவரின் கையைத் தன் பக்கத்திலிருந்து பார்த்தே அவர் ஐந்து வருடங்களாகத் தட்டிக்கொண்டிருந்தார். இதுவரை யாரும் திரும்பி வந்து குறை சொன்னதில்லை. திரும்பி வந்தவர்களைத் திருத்தவும் வழியில்லை.

"எங்க விழுந்தீங்க?"

"இங்கதான். மாடிப்படியில."

எழுத்தர் அம்மா தட்டுவதை நிறுத்தினார். "எந்த மாடிப்படி?"

"உங்க மாடிப்படிதாங்க. மூணுக்கும் ரெண்டுக்கும் நடுவுல."

"அப்படி ஒரு இடம் லிஸ்ட்ல இல்ல சார்."

"இருக்கே, இப்பதான் அங்க கிடந்தேன்."

"இருந்தது. அதத் தேர்ந்தெடுத்தா வெளிய பலகையில நம்பர் பூஜ்யம் ஆயிடும்னு பூட்டி வச்சிருக்காங்க." அவர் திரையைத் தன் பக்கமாக இன்னும் திருப்பிக்கொண்டு படித்தார். "கப்பல் மேல்தளம் இருக்கு. சர்க்கஸ் கூடாரம் இருக்கு. சிறைச்சாலை நீச்சல் குளம் இருக்கு. அடுத்தவர் வீட்டுத் தோட்டம் இருக்கு. எது வேணும்?"

"எதுவும் வேண்டாங்க. நான் அங்கெல்லாம் போகவே இல்ல."

"வேண்டாம்னா நீங்க விழவே இல்லன்னு ஆயிடும் சார். பின்னாடி ஆள் நிக்கறாங்க."

சாவிக்காரர் யோசித்தார். இருப்பதில் மரியாதையானது தோட்டம்தான் என்று பட்டது.

மாவுக்கட்டு அறையில் வெள்ளைக் கறை படிந்த ஏப்ரன் போட்டிருந்த ஆள் சீட்டைப் பார்த்தார். சாவிக்காரர் நெஞ்சோடு அணைத்து வைத்திருந்த வலது கையைப் பார்த்தார். மறுபடி சீட்டைப் பார்த்தார்.

"அண்ணே, அந்தக் கையை நீட்டுங்க."

"இதுதாம்ப்பா உடைஞ்சிருக்கு."

"தெரியுதுண்ணே. இட்லி மாதிரி வீங்கியிருக்கு, எனக்குக் கண்ணு இல்லயா? ஆனா சீட்டுல இடது. சீட்டு இல்லாத கைக்கு மாவு குழைச்சா ஸ்டோர்ல என்னைய உண்டு இல்லன்னு ஆக்கிடுவாங்க."

"அப்ப கட்டே வேண்டாம். நாளைக்குச் சரிபண்ணிக்கிட்டு வர்றேன்."

"அப்படிப் போனீங்கன்னா, சிகிச்சைய மறுத்துட்டாருன்னு மூடிடும். மூடிச்சுன்னா ஆபரேஷன் தேதியும் போயிடும். அப்புறம் வரிசைல நாலு மாசம்." அவர் குரலைத் தாழ்த்தினார். "சும்மா போட்டுக்கிட்டுப் போங்கண்ணே. நல்ல கைல போடறது வலிக்காது."

அது உண்மைதான். வலிக்கவே இல்லை.

சாவிக்காரரின் மனைவி கையுறைத் தொழிற்சாலையில் ஜோடி சேர்க்கிறவள். ஒரு குவியலில் இடது, ஒரு குவியலில் வலது. பதினோரு வருடங்களில் ஒரு ஜோடிகூட அவள் கையிலிருந்து தப்பாகப் போனதில்லை. மாலையில் வீட்டுக்கு வந்து கணவனைப் பார்த்தவுடன் அவளுக்கு எதுவோ உறுத்தியது. பையைக்கூட இறக்கி வைக்கவில்லை.

"எந்தக் கை வலிக்குது?"

"வலது."

"கட்டு எதுல இருக்கு?"

"இடதுல."

"ஏன்?"

"சீட்டுல அப்படி."

அவள் சீட்டை வாங்கிப் படித்தாள். கண் கடைசி வரியில் நின்றுவிட்டது.

"இது யாரு வீட்டுத் தோட்டம்?"

"தோட்டமெல்லாம் இல்ல. மாடிப்படி."

"'பகல் நேரம், அடுத்தவர் வீட்டுத் தோட்டம்'னு போட்டிருக்கு. மூணாவது மாடியில குடியிருக்கோம், நமக்குத் தொட்டிச் செடிகூடக் கிடையாது. சாவி செய்யப் போன மனுஷனுக்குப் பகல்ல தோட்டத்துல என்ன வேலைன்னு கேக்கறேன்."

"சர்க்கஸ் கூடாரமும் இருந்துச்சு. உனக்குக் கஷ்டமா இருக்கும்னுதான் அத எடுக்கல."

அவள் பையை இறக்கி வைத்தாள். பிறகு இரண்டு மர ஸ்கேல்களை எடுத்து, வலது மணிக்கட்டுக்கு மேலும் கீழும் வைத்துப் பழைய துணியால் கட்டினாள். சோறு பிசைந்து ஊட்டினாள். ஒரு வாய் ஊட்டும்போதெல்லாம் "தோட்டமாம்" என்றாள்.

மறுநாள் லீவு சொல்லிவிட்டு இருவரும் நான்காவது மாடிக்குப் போனார்கள். புள்ளி சார் உட்காரச் சொன்னார். அவர் மேசைக்குப் பின்னால் இரண்டு கேடயங்கள் இருந்தன, ஒன்றின் மேல் ஒன்று.

"எழுத்தர் அம்மா மாத்தித் தட்டிட்டாங்க சார். வலதுக்குப் பதிலா இடது" என்றாள் மனைவி. "ஒரு எழுத்து. மாத்திக் குடுத்தீங்கன்னா நாங்க பாட்டுக்குப் போயிடுவோம்."

"ஒரு எழுத்துதானேன்னு சொல்றீங்க." புள்ளி சார் வருத்தத்தோடு சிரித்தார். "ஒரு எழுத்த மாத்தினா என்ன அர்த்தம்? முதல்ல போட்டது தப்புன்னு அர்த்தம். தப்பு நடந்த துறைன்னு ஆயிடும்மா."

"நடந்திருக்கே சார். கையப் பாருங்க."

"நான் எதுக்கும்மா கையப் பாக்கணும்? முப்பத்தொரு வருஷம் இந்தத் துறையில இருக்கேன். ஒரு நோயாளியக்கூட இதுவரைக்கும் தொட்டதில்ல. பக்கத்துல போய்ப் பார்த்ததுகூட இல்ல. அதான் எங்க சுத்தம். டாக்டருங்க தொடறாங்க, பாக்கறாங்க, பாவப்படறாங்க. அதனாலதான் அவங்க எழுதறது எதுவும் புரியறதில்ல. இங்க வர்றதுக்குள்ள உடம்பு, ரத்தம், சீழ், அழுகை எல்லாத்தையும் வடிகட்டிடறோம். மிச்சம் ஏழு எழுத்து. எவ்வளவு அழகா இருக்கு பாருங்க." அவர் ஒரு தாளைத் தூக்கிக் காட்டினார். அது உண்மையில் அழகாகத்தான் இருந்தது.

சாவிக்காரர் ஸ்கேல் கட்டிய கையை மேசை விளிம்பில் வைத்தார்.

"திருத்தவே முடியாதா சார்?" என்றார்.

"யாரு சொன்னது? முறைப்படி திருத்தலாம். அதுக்குன்னே படிவம் இருக்கு."

"குடுங்க."

"உள்ள இருக்கு."

மூவரும் இரும்புக் கதவைப் பார்த்தார்கள்.

"சாவி நீங்கதானே செய்யறதா சொன்னீங்க?" என்றார் புள்ளி சார். குரலில் ஒரு சின்னக் குற்றச்சாட்டு இருந்தது.

"இந்தக் கையால எப்படி சார் செய்யறது?"

"உங்க வலது கை நல்லாத்தானே இருக்கு, பதிவுல?"

மனைவி இடையில் புகுந்தாள். "வேற சாவிக்காரரக் கூப்பிடுங்க சார்."

"அனுமதி இவர் பேர்ல வாங்கியிருக்கு. பேரை மாத்தலாம், கஷ்டம் ஒண்ணுமில்ல." அவர் மறுபடியும் இரும்புக் கதவைப் பார்த்தார். "அதுக்கும் அதே படிவம்தான்."

ஊரிலிருந்த இன்னொரு மருத்துவமனைக்கும் போய்ப் பார்த்தார்கள். அங்கே இருந்த மருத்துவர் கையைத் தொடுவதற்கு முன்னால் திரையைத் திறந்தார். அதே ஏழு எழுத்து அங்கேயும் வந்து நின்றுகொண்டிருந்தது.

"நானே திறக்கறேன்" என்றாள் மனைவி.

அன்றிலிருந்து வீட்டுச் சமையல் மேசையில் பாடம் நடந்தது. வாசல் பூட்டைக் கழற்றி வைத்துக்கொண்டு அவள் கம்பியை உள்ளே விடுவாள். அவர் இரண்டு உதவாத கைகளோடு எதிரில் உட்கார்ந்திருப்பார்.

"உள்ள என்ன தெரியுது?"

"இருட்டு தெரியுது."

"கண்ணால பாக்காத. கையால பாரு. ஒண்ணு தள்ளாடும். தட்டுப்படுதா?"

"எனக்கு எல்லாமே தள்ளாடுதுங்க."

"மெதுவா. முடி அளவு. முடி அளவுன்னா கயிறு இல்ல."

"வாய் மட்டும் நல்லா வேலை செய்யுது உங்களுக்கு. அதுக்குக் குறியீடு போட்டாங்களா?"

பன்னிரண்டாம் நாள் போனார்கள். பூட்டைத் திறக்கும் அனுமதி சாவிக்காரர் பெயரில் மட்டும் இருந்ததால் வாசலில் காவலாளி கம்பியோடு வந்த மனைவியை உள்ளே விட மறுத்தார். நெடுநேரம் பேசி ஒரு வழி கண்டுபிடித்தார்கள். நுழைவுச் சீட்டில் காவலாளி இப்படி எழுதினார்: 'கொண்டுவந்த கருவிகள்: கம்பி இரண்டு, சிறு சுத்தியல் ஒன்று, மனைவி ஒன்று.'

கதவைத் திறக்க மூன்று மணி நேரம் ஆனது. துறையில் இருந்த அத்தனை பேரும் நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டு பிஸ்கட் தின்றபடி பார்த்தார்கள். சாவிக்காரர் அவள் காதருகே குனிந்து "இன்னும், இன்னும், நிறுத்து" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அவருடைய வலது மணிக்கட்டும் ஸ்கேல்களுக்கு நடுவில் தானாகவே திரும்பப் பார்த்தது. ஒவ்வொரு முறையும் உள்ளே படகு இரண்டாக உரசியது.

டக்.

எல்லோரும் கைதட்டினார்கள். மறுபடியும் பூட்டிக்கொள்ளாமல் இருக்க, மனைவி ஒரு கட்டுப் படிவத்தை எடுத்து முதல் காரியமாகக் கதவிடுக்கில் வைத்தாள். பிறகு ஒரு படிவத்தை உருவிப் புள்ளி சார் முன்னால் வைத்தாள்.

அவர் கண்ணாடி போட்டுக்கொண்டு பார்த்தார். முகம் மெல்ல மலர்ந்தது. பழைய நண்பனைப் பார்த்தது போல இருந்தது அந்தச் சிரிப்பு.

"ஐயோ, இது பழசும்மா! ஐந்தெழுத்துக் காலத்துப் படிவம். பாருங்க, அஞ்சு கட்டம்தான் இருக்கு. பக்கம் ஆறாவது எழுத்து. அந்தக் காலத்துல எலும்புக்குப் பக்கமே கிடையாது. எது உடைஞ்சாலும் பொதுவா உடையும், அவ்வளவுதான்."

"அப்ப ஆறாவதா ஒரு கட்டத்த நானே கோடு போட்டு வரைஞ்சுக்கறேன்."

"கட்டம் வரையறதுக்குக் குழு இருக்கு. மாசத்துக்கு ஒரு தடவை கூடும். உங்க அதிர்ஷ்டம், இன்னும் எட்டு நாள்ல கூடுது."

எட்டாம் நாள் என்பது இருபதாம் நாள். காலையில் அறுவை, பிற்பகலில் குழு. அறுவை அரங்கின் வாசலில் எலும்பு மருத்துவர் பச்சை உடையில் நின்று திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எனக்குத் தெரியும் வலதுன்னு. நான்தானே எக்ஸ்ரே பார்த்தேன். ஆனா இங்க இடதுன்னு வருது. இடதுல திருகாணி போட்டா நான் கம்பி எண்ணணும். வலதுல போட்டா என் பேர்ல 'பொருந்தாத சிகிச்சை'ன்னு ஒரு சிவப்புக் கோடு விழும்."

"ரெண்டுல எதுக்கு டாக்டர் ரொம்ப பயப்படறீங்க?" என்றாள் மனைவி.

மருத்துவர் உண்மையாகவே யோசித்தார். யோசித்து முடிப்பதற்குள் அடுத்த நோயாளியை உள்ளே தள்ளிக்கொண்டு வந்தார்கள்.

பிற்பகலில் குழு கூடியது. ஒரு நீள மேசை, இரண்டு பக்கமும் ஆறு ஆறு பேர். ஆளுக்கொரு தண்ணீர் பாட்டில். ஆறாவது கட்டத்தை எங்கே வரைவது என்று பேசத் தொடங்கினார்கள். அப்போது மூத்த உறுப்பினர் ஒருவர் கையைத் தூக்கினார்.

"வலதுங்கறோம். யாருக்கு வலது? நோயாளிக்கா, பாக்கறவங்களுக்கா? இத முதல்ல முடிவு பண்ணாம கட்டம் போட்டு என்ன பண்றது?"

குழு இதைக் கேட்டுத் திடுக்கிட்டது. இத்தனை ஆண்டுகளாக இது யாருக்கும் தோன்றவில்லையே என்று ஒருவரையொருவர் பெருமிதத்தோடு பார்த்துக்கொண்டார்கள். சாவிக்காரரை மேசையின் தலைமாட்டில் நிற்கவைத்து இரண்டு கைகளையும் தூக்கச் சொன்னார்கள். தூக்கினார். இந்தப் பக்கத்து ஆறு பேருக்கு ஸ்கேல் கட்டிய கை வலதாகத் தெரிந்தது, அந்தப் பக்கத்து ஆறு பேருக்கு இடதாகத் தெரிந்தது. திரும்பி நிற்கச் சொன்னார்கள். திரும்பினார். இப்போது கருத்துகளும் திரும்பின.

"கைய இறக்கிடாதீங்க, நடவடிக்கைக் குறிப்பு எழுதறாங்க" என்றார் புள்ளி சார்.

"சார், வலிக்குது."

"எந்தக் கைல வலிக்குதுன்னு மட்டும் சொல்லிடாதீங்க. குழு மேல தாக்கம் வந்துடும்."

கதவோரம் நின்ற மனைவியால் அதற்கு மேல் பொறுக்க முடியவில்லை. "ஏன் சார், பன்னெண்டு பேரு இருக்கீங்க. உங்க ஒவ்வொருத்தருக்கும் ரெண்டு ரெண்டு கை. காலைல எந்தக் கையால பல்லு விளக்கினீங்களோ அதாங்க வலது! எங்க ஃபாக்டரில முதல் நாள் வேலைக்கு வர்ற பொண்ணு சொல்லும்."

பன்னிரண்டு பேரும் தங்கள் கைகளைப் பார்த்துக்கொண்டார்கள். பிறகு மூத்த உறுப்பினர் கனிவோடு சொன்னார்: "எனக்கு இடது கைப் பழக்கம்மா. பாத்தீங்களா, விஷயம் எவ்வளவு சிக்கலா இருக்குன்னு?"

துணைக்குழு ஒன்று அமைத்தார்கள். பயனற்ற ஐந்தெழுத்துப் படிவங்களை உடனே அப்புறப்படுத்த வேண்டும் என்றும் ஒரு தீர்மானம் போட்டார்கள். குழு நிறைவேற்றிய காரியம் அது ஒன்றுதான்.

இருபத்தொன்றாம் நாள் சாவிக்காரர் காலையிலிருந்து சன்னலோரம் உட்கார்ந்திருந்தார். எலும்பு சாகும்போது சத்தம் வருமா என்று தெரியவில்லை. கையைக் காதோரம் வைத்துக் கேட்டார். பூட்டுக்குள் கேட்பது போல எதுவும் கேட்கவில்லை. மனைவி அவருக்கு எதிரே வந்து உட்கார்ந்தாள். தோட்டத்தைப் பற்றி அவள் அதற்குப் பிறகு பேசவே இல்லை.

விழுந்து ஏழு வாரம் ஆகும்போது மருத்துவமனையிலிருந்து கடிதம் வந்தது. 'தங்கள் சிகிச்சை நிறைவடைந்துவிட்டது. வந்து கட்டைப் பிரித்துக்கொள்ளவும்.'

மாவுக்கட்டு ஆள் இடது கையிலிருந்த கட்டை அறுத்தார். உள்ளேயிருந்து வெளுத்து, செதில் உதிர்ந்து, புளித்த நாற்றத்தோடு ஒரு கை வந்தது. மடக்கச் சொன்னார். மணிக்கட்டு மடங்கவில்லை. ஏழு வாரம் அசையாமல் கிடந்து இறுகிப்போயிருந்தது.

"தேறிடும்ணே" என்றார், தரையைப் பார்த்துக்கொண்டு.

வலது கைக்கும் ஓர் எக்ஸ்ரே எடுக்க எலும்பு மருத்துவர் எப்படியோ வழி செய்திருந்தார். படத்தில் படகின் ஒரு பாதி மட்டும் மற்ற எலும்புகளைவிட வெள்ளையாக இருந்தது. செத்த எலும்பு அப்படித்தான் தெரியும் என்றார். படத்தைச் சீக்கிரமாக உறைக்குள் போட்டுவிட்டு, "நாலாவது மாடில உங்களப் பாக்கணும்னாங்க" என்றார்.

நான்காவது மாடியில் பூங்கொத்து இருந்தது. புள்ளி சார் எழுந்து நின்று வரவேற்றார்.

"வாங்க வாங்க! அந்தக் கையக் காட்டுங்க. இல்ல, இடது. மடக்குங்க." அவரால் மடக்க முடியவில்லை. புள்ளி சார் துறையினர் பக்கம் திரும்பினார். "பாத்தீங்களா? இடது மணிக்கட்டு இயங்கல. நாம என்ன போட்டோம்? இடது. அப்ப நாம போட்டது சரியா, தப்பா?"

"சரி சார்" என்றார்கள்.

"ஏழாவது எழுத்த மட்டும் இன்னைக்கு மாத்தறோம். அது திருத்தம் இல்ல, வளர்ச்சி. முதல் தடவைல இருந்து பின்விளைவு. இப்பதான் ஏழு எழுத்தும் முழுசாப் பொருந்தி வருது. நீங்க அன்னைக்கு அவசரப்பட்டு மாத்தச் சொன்னீங்களே, மாத்தியிருந்தா இப்பதான் தப்பாப் போயிருக்கும்!"

மூன்றாவது கேடயம் அன்று காலை வந்திருந்தது. அதை வைக்க இடம் இல்லை. புள்ளி சார் கேடயத்தை இரண்டு கைகளாலும் ஏந்திக்கொண்டு இரும்புக் கதவுக்குள் போனார். அதே நேரத்தில் எழுத்தர் அம்மா, குழுவின் தீர்மானப்படி பழைய படிவக் கட்டுகளை வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்தார். கடைசிக் கட்டு கதவிடுக்கில் இருந்தது. குனிந்து உருவினார்.

டக்.

பிறகு உள்ளேயிருந்து தட்டும் சத்தம். "யாருப்பா அது? திறங்க. இங்க விளக்கு இல்ல."

எல்லோரும் திரும்பிச் சாவிக்காரரைப் பார்த்தார்கள். பிறகு அவர் மனைவியைப் பார்த்தார்கள். அவள் விரல்கள் கம்பியைப் பிடித்தது போலத் தாமாகவே குவிந்தன. அவள் கணவனைப் பார்த்தாள். அவர் வேண்டாமென்று தலையை ஒரு முடி அளவு அசைத்தார்.

"அக்கா, நீங்க திறங்கக்கா" என்றார் எழுத்தர் அம்மா. முதன்முறையாகக் கண்ணாடி இல்லாமல் பேசினார். "அன்னைக்குத் திறந்தீங்களே."

"அன்னைக்கு என்னையக் கருவின்னு எழுதி உள்ள விட்டாங்க மேடம். இன்னைக்குச் சீட்டுல கருவி எதுவும் எழுதல. நான் சும்மா கூட வந்தவ."

"சார், நீங்களாவது!"

சாவிக்காரர் இரண்டு கைகளையும் பார்த்தார். ஒன்று மடங்காது, ஒன்று திரும்பாது.

"உங்க பதிவுல ஒரு வலது கை இருக்கும்மா" என்றார். "அடிபடாதது. நல்லா இருக்கிறது. அதக் கூப்பிடுங்க. பதினோரு நிமிஷத்துல திறந்துடும்."

உள்ளே தட்டல் வேகமானது. ஒருவர் ஓடிப்போய், அறைக்குள் ஆள் மாட்டிக்கொண்டால் எந்த எழுத்து என்று திரையில் தேடத் தொடங்கினார். கப்பல் அறை இருந்தது, லிஃப்ட் இருந்தது. மருத்துவமனை அறை பூட்டியிருந்தது.

இருவரும் இறங்கினார்கள். மூன்றுக்கும் இரண்டுக்கும் நடுவில் அப்போதுதான் துடைத்துவிட்டிருந்தார்கள். கைப்பிடியைப் பிடிக்க அவருக்குக் கை இல்லை. மனைவி அவர் முழங்கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, ஒவ்வொரு படியிலும் முதலில் தன் காலை வைத்துப் பார்த்தாள். மேலே பலகையில் யாரோ அன்றைய எண்ணை மாற்றிவிட்டுப் போயிருந்தார்கள். 1,455.